பதினோராம் ஏடு, மூன்றாம் வரி

துறைமுகம் ஜங்ஷன் எதிரே
சபியுல்லா கடையில்
உவர்நூலைத் தட்டச்சு செய்கிறேன்,
பக்கத்துக்கு முப்பது ரூபாய்.

கடலூரில் இரண்டாம் நிலா உதித்த
முதல் ஐப்பசியில் எழுதியதாம்.
பன்னிரண்டு ஏடு.
எழுதியவர் பெயரைக் கரையான் தின்றுவிட்டது.
அதைப் பார்த்துத்தான் படகுக்கு நம்பர் தருகிறார்கள்,
கோர்ட்டில் அதன்மேல் கைவைத்துத்தான் சத்தியம்,
ஐஸ் ஃபேக்டரி லைசென்ஸுக்குக்கூட
ஏழாம் ஏட்டிலிருந்து நாலு வரி கேட்கிறார்கள்.
உரக்கப் படித்தால் உப்பனாறு நின்று கேட்கும்.
பார்த்திருக்கிறேன்:
இறங்கு நீரில் போய்க்கொண்டிருந்த தெர்மாகோல் பெட்டி
ஒரு வெண்பா முடியும்வரை
அசையவில்லை.

பத்து ஏடுவரை சிக்கல் இல்லை.
புள்ளி வைக்காத எழுத்து,
குத்தினால் ஓலை கிழியும் என்று விட்டிருக்கிறார்கள்.
தோசைக்கு எண்ணெய் விடுவதுபோல்
நான் வைத்துக்கொண்டே போனேன்.

பதினோராம் ஏடு, மூன்றாம் வரி:

கடலுககுக கொடு

அவ்வளவுதான்.

கொம்புக்கு மேற்சுழி வராத காலத்து ஓலை.
குறிலும் நெடிலும் ஒரே உடுப்பில் நிற்கும்.
'கொடு' என்று படித்தவர்கள்
உப்பனாற்றுக்குக் கிழக்கே இருக்கிறார்கள்.
இரண்டு நிலாவும் கூடும் இரவில்
புது வலை, மூத்த கிடா,
போன வருஷம் சீராக வந்த கட்டில் என்று
தண்ணீரில் இறக்கிவிடுகிறார்கள்.
'கோடு' என்று படித்தவர்கள் மேற்கே.
சுண்ணாம்பு வாளியோடு விடியுமுன் வந்து
மணலில் இழுக்கிறார்கள்.
அலை அழிக்கிறது.
இழுக்கிறார்கள்.

முந்நூறு வருஷமாகப் பெண் எடுப்பதில்லை, கொடுப்பதில்லை.
கொடுப்பது என்ற சொல்லையே
மேற்கில் கூசிக்கொண்டுதான் சொல்வார்கள்;
மளிகைக்காரர் பாக்கிச் சில்லறையை
'பிடி' என்பார்.

இதில் கொடுமை, இரண்டும் பலித்திருக்கிறது.
கட்டில் போன வருஷம் புயல் மரக்காணம் பக்கம் திரும்பியது.
கோடு நின்ற வருஷமும் திரும்பியது.

அச்சுச் செலவு ஆளுக்குப் பாதி.
அந்திரேயாள் அக்கா ஒரு வஞ்சிரத்தோடு வந்தார்,
பார்த்துப் போடும்மா என்றார்.
மறுநாள் குப்புலிங்கம் வந்து
ஒன்றும் பேசாமல்
மேசையில் ஒரு ஸ்கேலை வைத்துவிட்டுப் போனார்.

ஓலைக்கு இரண்டையும் ஒரே எழுத்தில் வைத்துக்கொள்ள முடிந்தது.
கீபோர்டுக்கு முடியாது.
ஷிஃப்டை அழுத்தவேண்டும்
அல்லது அழுத்தக்கூடாது.

அழுத்தாமல் அடித்தேன்.
சாக்கடை மூடி தூக்கிக்கொண்டது.
படியேறி வந்த தண்ணீர்
நாற்காலிக் காலை நக்கி
என் இடது செருப்பை எடுத்துக்கொண்டு இறங்கியது.
உப்பு வாடை. தெளிந்த தண்ணீர்.

அழித்துவிட்டு அழுத்தி அடித்தேன்.
தெருவுக்குக் குறுக்கே வெள்ளையாக ஒன்று ஓடியது.
டீயோடு வந்த சபியுல்லா
தூக்கிய காலைக் கீழே வைக்க முடியாமல் நின்றார்.
அவர் பக்கத்துக் காக்கை அவர் பக்கமே.
என்ன பண்ணித் தொலைச்சே என்று கத்தினார்.
குரல் மட்டும் கோட்டைத் தாண்டியது.

அதையும் அழித்தேன்.
டீ ஆறியிருந்தது.

ஸ்கேன் படத்தை நானூறு மடங்கு பெரிதாக்கினேன்.
கொம்புக்கும் ககரத்துக்கும் நடுவே ஒரு குழி.
எழுத்தாணி அங்கே நெடுநேரம் அழுந்தியிருக்கிறது.
ஓலையின் மறுபுறம்வரை.

ஓஹோ, நீயுமா.

மின்சாரம் போய்விட்டது.
யு.பி.எஸ். பத்து நிமிஷம் தாங்கும்.
அந்த இடத்தில் கர்சர்
கலங்கரை விளக்கம்போல் விட்டுவிட்டு எரிகிறது.
சின்ன நிலா ஏறிவிட்டது, பெரியது இனிமேல்தான்.
கிழக்கே கட்டில் தூக்கும் சத்தம்,
மேற்கே வாளி.

வலது செருப்பைக் கழற்றி
வாசற்படியில் வைத்திருக்கிறேன்.
தண்ணீர் வந்து
அதைச் சுற்றி நிற்கிறது,
எழுத்துக்கூட்டி.